டாட்டூ: சொல் விளக்கம்

டாட்டூ ஆங்கிலத்தில் பிறந்த சொல் அல்ல. பசிபிக் பெருங்கடலின் தஹீதி, சமோவா தீவுகளில் வழங்கும் ‘தத்தௌ’தான் அதன் மூலம். 1769-இல் ஆங்கிலேயக் கடலோடி கேப்டன் குக்கின் கப்பல் தஹீதியில் நின்றபோது அது ஆங்கிலக் குறிப்பேடுகளில் ஏறியது. படைவீரர்களைப் பாசறைக்கு அழைக்கும் முரசொலிக்கும் ஆங்கிலத்தில் டாட்டூ என்றே பெயர். ஆனால் அது டச்சு மொழியிலிருந்து வந்தது, இரண்டுக்கும் உறவில்லை.

சமோவா மொழியில் ‘தா’ என்றால் அடித்தல். அங்கே ஊசியைக் குத்துவதில்லை, அடிக்கிறார்கள். பன்றிக் கொம்பைச் சீவிய பல்வரிசை, ஆமையோட்டுத் தகடு, மரக்கைப்பிடி மூன்றையும் சேர்த்துக் கட்டிய சீப்பு ‘ஔ’. அதைத் தோல்மேல் வைத்து ‘சௌசௌ’ என்னும் கோலால் தட்டுவார் ‘துஃபுங’ எனப்படும் கலைஞர். (நாம் அரிதாகவே எழுதும் ங இங்கே அப்படியே பொருந்துகிறது.) உதவியாளர்கள் தோலை இழுத்துப் பிடிப்பார்கள், பிடி தளர்ந்தால் கோடு நெளிந்துவிடும். பல் மேலாக இறங்கினால் மை தோலோடு உதிர்ந்து மங்கும், ஆழமாக இறங்கினால் ஊறிப் பரவும்.

ஆண்களுக்கு இடுப்பிலிருந்து முழங்கால் வரை போடுவது பெ'அ. பெண்களுக்குத் தொடையில் போடுவது மலு. பெ'அ முதுகில் தொடங்கித் தொப்புளில் முடியும். வலி தாங்காமல் பாதியில் எழுந்தால் குடும்பத்துக்கே தலைகுனிவு.

நடிகர் ட்வெய்ன் ஜான்சனின் தாய்வழி சமோவா. தாத்தா பீட்டர் மைவியா பெ'அ அணிந்த மல்யுத்த வீரர். பேரன் 2003-இல் போட்டுக்கொண்டது இடது மார்பு, தோள், கை சார்ந்த பொலினீசிய வேலைப்பாடு. அதைப் பெ'அ என்று எழுதுவது பிழை. உடலில் அமையும் இடமே வேறு. 2016-இன் ‘மோவானா’ படத்தில் அவர் குரல் கொடுத்த மௌயி என்னும் பாத்திரத்தின் உடம்புச் சித்திரங்கள் அசைந்து கதை சொல்லும். படம் கணினி வரைகலை என்றாலும் அவற்றை மட்டும் கையால் வரைந்தார்கள். தத்தௌ ஒருவர் சுமக்கும் வரலாறு என்பதை இவ்வளவு பேருக்குப் புரியவைத்த திரைக்காட்சி வேறில்லை என்பேன்.

தமிழில் பச்சை குத்துதல். கரிய மைதான், ஆனால் தோலுக்கடியில் போனதும் நீலப்பச்சையாகத் தெரிவதால் அந்தப் பெயர். குறவர் இனப் பெண்கள் அகத்தி இலையும் மஞ்சளும் சேர்த்த திரியை ஆமணக்கெண்ணெயில் எரித்து, மேலே கவிழ்த்த புதுச்சட்டியில் படியும் கரியை மையாக்கினார்கள். சமோவாவில் எண்ணெய்ச் சத்துள்ள லாமா கொட்டையை எரித்த கரி. இரண்டு இடத்திலும் மை புகைக்கரிதான், கருவிதான் வேறு.

ஆகவே பொதுவாகச் சொல்ல ‘பச்சை’ போதும். ‘டாட்டூ குத்தினான்’ என்பதற்குப் ‘பச்சை குத்திக்கொண்டான்’ என்றே எழுதலாம். சமோவா மரபைச் சொல்லும்போது ‘தத்தௌ’ என்றே எழுதி, வினையாக ‘அடித்தல்’ சேர்க்க வேண்டும். தகரத்தை இரட்டிக்காமல் ‘தாதௌ’ என்றால் நம் நாக்கு அதை மெலித்துவிடும்.