ஸ்ட்ரோப் கட் வைக்கிறவர்களுக்கு

பரிசோதனைக் குறும்படம் என்றாலே ஒரு வெள்ளை ஃபிரேம், ஒரு கறுப்பு ஃபிரேம் என்று மாற்றி மாற்றி அடுக்கி (இதுதான் ஸ்ட்ரோப் கட்), மேலே ஓர் இரைச்சலை ஏற்றிவிடுவதை, கலர் கிரேடிங்குக்கு, அதாவது நிறத்தையும் வெளிச்சத்தையும் சரிசெய்ய, என்னிடம் வரும் படங்களில் அடிக்கடி பார்க்கிறேன். உத்தி மேல் எனக்குக் கோபமில்லை. ஒளியையும் இருளையும் மட்டுமே வைத்து 1966-லேயே அமெரிக்கப் பரிசோதனைப் பட இயக்குநர் டோனி கான்ராட் 'தி ஃபிளிக்கர்' எடுத்துவிட்டார். ஆனால் இது சிலருக்கு வலிப்பை வரவைக்கலாம், அரங்கில் மருத்துவர் இருக்க வேண்டும் என்று தொடக்கத்திலேயே எழுதிக் காட்டினார். நம் படங்களில் அந்த எழுத்து இல்லை.

வலிப்பு நோயுள்ளவர்களில் 100-க்குச் சுமார் 3 பேருக்குத்தான் மின்னும் ஒளியால் வலிப்பு வரும் இந்தத் தன்மை உண்டு. ஆனால் சிறுவர்களிடமும் பதின்ம வயதினரிடமும்தான் அதிகம், அதுவும் தனக்கு இருப்பதே தெரியாமல் வந்து உட்கார்ந்திருப்பார்கள். 1997 டிசம்பரில் ஜப்பானில் போகிமான் தொடரின் ஒரு காட்சியில் சிவப்பும் நீலமும் நொடிக்குச் சுமார் 12 முறை மின்னியதில் அறுநூறுக்கும் மேற்பட்டவர்கள், பெரும்பாலும் குழந்தைகள், மருத்துவமனைக்குப் போனார்கள்.

சரி, நம் கணக்குக்கு வருவோம். நொடிக்கு ஓடும் 24 ஃபிரேமில் ஒன்று விட்டு ஒன்று கறுப்பு என்றால் நொடிக்கு 12 மின்னல், அதே வேகம்! பிரிட்டன் தொலைக்காட்சி விதிப்படி, திரையில் கால் பங்குக்கு மேல் மின்னுகிற காட்சி நொடிக்கு 3 மின்னலைத் தாண்டக்கூடாது. நாலு ஃபிரேம் வெளிச்சம், நாலு ஃபிரேம் இருட்டு என்று வைத்தால் அதற்குள் நிற்கலாம். வேகம் போய்விடுமே என்பார்கள். மின்னும் இடத்தைச் சின்னதாக்குங்கள், கறுப்பைச் சாம்பல் வரை தூக்குங்கள், செக்கச்சிவப்பைத் தவிருங்கள், வேகத்தை ஒலியில் கொண்டுவாருங்கள்.

அப்புறம், ஃபேனுக்குப் பின்னால் லைட் வைத்து முகத்தில் நிழலை ஓடவிடுகிற ஷாட். மூன்று இறக்கை ஃபேன் நிமிடத்துக்கு 300 சுற்று ஓடினால் நொடிக்கு 15 முறை வெளிச்சம் வெட்டும், நடிப்பவர் அத்தனை டேக்கிலும் அதைக் கண்ணில் வாங்குகிறார். 60 சுற்றுக்குக் குறைத்தால் 3 தான், நிழலும் தெளிவாக விழும்.

எச்சரிக்கை அட்டை வாசித்து முடிக்கிற அளவுக்குத் திரையில் நிற்கட்டும், போஸ்டரிலும் போடுங்கள். பார்க்கும்போது ஒருமாதிரி வந்தால், ஒரு கண்ணை உள்ளங்கையால் பொத்திக்கொண்டு திரும்பிக்கொள்ளச் சொல்லுங்கள். வெறுமனே கண்ணை மூடினால் இமை வழியாகவும் ஒளி போகும். வலிப்பே வந்துவிட்டால் நாற்காலிகளை விலக்கி, தலைக்கடியில் துணி வைத்து, துள்ளல் நின்றதும் ஒருக்களித்துப் படுக்க வையுங்கள். கையில் சாவிக்கொத்தைத் திணிக்காதீர்கள், வாயில் எதையும் வைக்காதீர்கள். 5 நிமிடம் தாண்டினால் உடனே 108.