ஈனோக் வெஸ்ட் தொடுத்த மானநஷ்ட வழக்கு

பணியிடை நீக்க உத்தரவோடு என் அலுவலகத்துக்கு வரும் கட்சிக்காரர்களில் பலர், குற்றக் குறிப்பாணைக்கு விளக்கம் எழுதுவதற்கு முன்பே "மானநஷ்ட வழக்குப் போட முடியுமா?" என்று கேட்பார்கள். அவர்களுக்கு நான் ஆங்கிலேயக் கால்பந்து வீரர் ஒருவரின் கதையைச் சொல்வது வழக்கம்.

நாட்டிங்ஹாம்ஷயரின் ஹக்னலில் 1886-இல் பிறந்த ஈனோக் வெஸ்ட், நாட்டிங்ஹாம் ஃபாரஸ்ட் அணியின் முன்கள ஆட்டக்காரராக 1907-08 பருவத்தில், அன்றைய ஆங்கிலேய லீக்கின் மேல்தட்டான முதல் டிவிஷனிலேயே அதிக கோல் அடித்தவர். 1909 ஏப்ரலில் அந்த அணி லெஸ்டர் ஃபாஸ் அணியை 12-0 என்று வென்றபோது, அதில் மூன்று கோல்கள் வெஸ்ட் அடித்தவை. இவ்வளவு பெரிய தோல்வி எப்படி நேர்ந்தது என்று லீக் நிர்வாகம் விசாரித்தது. லெஸ்டர் வீரர்கள் தங்கள் பழைய தோழர் ஒருவரின் திருமணக் கொண்டாட்டத்தில் மூழ்கிக் கிடந்துவிட்டு மைதானத்துக்கு வந்திருந்தார்கள் என்று தெரிந்ததும் விவகாரம் அத்தோடு முடிந்தது. விசித்திரமான விளக்கமாக இருந்தாலும் சரிபார்க்க முடிந்தால் விசாரணையில் அது எடுபடும் என்பதை என் தொழிலிலும் கண்டிருக்கிறேன்.

1910-இல் மான்செஸ்டர் யுனைடெட்டுக்கு மாறிய வெஸ்ட், முதல் பருவத்திலேயே 19 லீக் கோல்கள் அடித்து அணி பட்டம் வெல்லத் துணைநின்றார். அந்த அணிக்காக மொத்தம் 181 ஆட்டங்களில் 80 கோல்கள் அடித்தார்.

1915 ஏப்ரல் 2, புனித வெள்ளி. போர் நடந்துகொண்டிருந்தது, லீக் நின்றுவிடும் என்ற பேச்சு பரவியிருந்தது, வீரர்களின் சம்பளத்துக்கோ உச்சவரம்பு இருந்தது. ஓல்டு டிராஃபோர்டில் லிவர்பூலை யுனைடெட் 2-0 என்று வென்றது. ஆட்டம் நடந்த விதம்தான் பார்த்தவர்களை உறுத்தியது. யுனைடெட்டுக்குக் கிடைத்த பெனால்டி கம்பத்துக்கு வெகு தூரம் விலகிப் போனது. கடைசிக் கட்டத்தில் லிவர்பூலின் ஃபிரெட் பாக்னம் அடித்த பந்து குறுக்குக் கம்பத்தில் பட்டபோது, ஏன் அடித்தாய் என்று அவருடைய அணியினரே அவரிடம் சண்டைக்குப் போனார்கள். 2-0 என்ற அதே முடிவின் மேல், ஒன்றுக்கு ஏழு என்ற விகிதத்தில் பெருந்தொகை பந்தயம் கட்டப்பட்டிருந்தது பின்னர் தெரியவந்தது.

ஆட்டத்தின் முடிவை முன்கூட்டியே பேசிவைத்த சதியில் பங்கேற்றதாக, 1915 டிசம்பரில் கால்பந்துச் சங்கம் வெஸ்ட் உட்பட யுனைடெட்டின் மூவருக்கும், லிவர்பூலின் நால்வருக்கும் வாழ்நாள் தடை விதித்தது. தமக்கு அதில் பங்கில்லை என்று வெஸ்ட் உறுதியாக மறுத்தார். மறுத்ததோடு நில்லாமல் சங்கத்தின் மீது அவதூறு வழக்கும் தொடுத்தார், 1917-இல் தோற்றார்.

இந்த இடத்தில்தான் கட்சிக்காரரை நிறுத்தி யோசிக்கச் சொல்வேன். உள்விசாரணை பொதுவாக மூடிய அறையில் நடப்பது. அவதூறு வழக்கிலோ, தாம் சொன்னது உண்மையே என்று நிரூபிக்கும் வாய்ப்பை வாதியே பிரதிவாதியின் கையில் கொடுத்துவிடுகிறார். அதன்பின் சாட்சிகள் திறந்த நீதிமன்றத்தில் பேசுவார்கள், வாதியும் குறுக்கு விசாரணைக்குக் கூண்டேற வேண்டும். வெஸ்டின் அணித்தோழர் பில்லி மெரிடித்தே, சதியைப் பற்றித் தமக்கு ஒன்றும் தெரியாது என்றவர், சக ஆட்டக்காரர்கள் தமக்குப் பந்தைத் தட்டிவிடாததைக் கண்டு சந்தேகம் வந்தது என்றார். இப்படி யாரையும் கைநீட்டிக் குற்றம் சாட்டாத சாட்சியத்தை உடைப்பது மிகக் கடினம்.

1919-இல் மற்ற வீரர்களின் தடை நீங்கியது. தடை பெற்ற யுனைடெட் மூவரில் ஒருவரும், 1917-இல் பிரான்சின் அராஸ் போர்க்களத்தில் மாண்டுபோனவருமான சாண்டி டர்ன்புல்லுக்கும் மன்னிப்புக் கிடைத்தது. வெஸ்டின் தடை மட்டும் 1945 வரை நீடித்தது. அப்போது அவருக்கு வயது 59. ஆட்டம் பறிபோனபோது 29.

சென்ற மாதம் இதைக் கேட்ட ஒரு கூட்டுறவு நிறுவன ஊழியர், "சார், அவர் நிஜமாகவே பணம் வாங்கினாரா?" என்றார். அதை விட்டுவிட்டு, அவருடைய குறிப்பாணையின் தேதியைப் பார்த்தேன். விளக்கம் கொடுக்கத் தந்திருந்த பதினைந்து நாட்களில் ஒன்பது கழிந்திருந்தன. மானநஷ்ட வழக்குக்காக அவர் கொண்டுவந்த கோப்பை ஓரமாக வைத்துவிட்டு, முதல் குற்றச்சாட்டிலிருந்து பதில் எழுதத் தொடங்கினோம்.