ஒரு மாதம்தான், தம்பிமாரே

போன கிழமையும் இரண்டு பேர் வந்தார்கள், அரச பல்கலைக்கழகம் ஒன்றின் இந்து மன்றத்துப் பிள்ளைகள். வாணி விழாவுக்கு மண்டபம் இல்லையாம், மன்றத்தின் பதிவைப் புதுப்பிக்கவில்லையாம், தலைவராக இன்னாரைப் போடுங்கள் என்று நிர்வாகத்தில் ஒருவர் சொன்னாராம். எப்போது நடந்தது என்றேன். நாலு மாதம் என்றார்கள், வழக்குக்குப் போக இருப்பதோ ஒரு மாதம்தான். கொழும்பில் நீதிமன்றங்கள் இருக்கும் புதுக்கடையில் இந்தப் பதிலைக் கேட்டுக் கேட்டு எனக்கு அலுத்துவிட்டது.

ஏன் உடனே வரவில்லை என்றால், "பௌத்தத்துக்குத்தானே முதன்மை இடம், நாங்கள் என்னத்தைக் கேட்கிறது?" இலங்கை அரசியலமைப்பின் 9 ஆம் உறுப்புரையைப் பாதியில் நிறுத்தி வாசிக்க யார் பழக்கினார்களோ தெரியாது. அதே வசனத்திலேயே, 10 ஆம் உறுப்புரையும் 14(1)(உ) உம் தரும் மத, வழிபாட்டு உரிமைகள் எல்லா மதங்களுக்கும் உறுதி என்று இருக்கிறது. விரும்பிய மதத்தைக் கொண்டிருக்கும் சுதந்திரத்துக்கு 15 ஆம் உறுப்புரை எந்த மட்டுப்பாடும் வைக்கவில்லை. வழிபாட்டை மட்டுப்படுத்தலாம்தான், ஆனால் சட்டத்தால், கந்தோரில் ஒருவர் சொன்ன வாய்ச்சொல்லால் அல்ல. தனியாகவோ மற்றவர்களோடு சேர்ந்தோ வழிபடலாம் என்று 14(1)(உ) சொல்கிறதே, அந்தச் 'சேர்ந்து' என்பதில்தான் உங்கள் மன்றம் நிற்கிறது.

அதற்காக மண்டபம் உங்கள் சொத்து என்று நினைத்துவிடாதீர்கள். எல்லா மன்றத்துக்கும் ஒரே விதி என்றால் நீங்களும் வரிசையில் நிற்க வேண்டியதுதான். மற்றவர்களுக்குக் கொடுத்து உங்களுக்கு மட்டும் இல்லை என்றால், அது சமத்துவத்தைச் சொல்லும் 12 ஆம் உறுப்புரையை மீறுவது.

இருவரில் ஒருவர் போனில் அமெரிக்கத் தீர்ப்பு ஒன்றை வேறு காட்டினார். தம்பி, 2010 இல் அங்கே உறுப்பினராக மத நம்பிக்கையை நிபந்தனையாக வைத்த கிறிஸ்தவ சட்ட மாணவர் சங்கம் 5க்கு 4 என்று தோற்றது. அதை விடுங்கள்.

அடிப்படை உரிமை மீறல் என்று உயர் நீதிமன்றத்துக்குப் போக, 126 ஆம் உறுப்புரைப்படி மீறல் நடந்து ஒரு மாதம்தான். அதற்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறைப்பாடு செய்தால், விசாரணை நடக்கும் காலம் அந்த ஒரு மாதக் கணக்கில் வராது. ஆனால் முறைப்பாட்டு ரசீதை மட்டும் பெட்டியில் வைத்துக்கொண்டு நித்திரை கொள்ள வேண்டாம், விசாரணை நடப்பதைக் காட்ட வேண்டிவரும். தனியார் கம்பஸ் என்றால் இந்த வழி பெரும்பாலும் சரிவராது, முதலிலேயே ஒரு சட்டத்தரணியிடம் கேளுங்கள்.

விண்ணப்பத்தை எழுத்தில் கொடுங்கள், பிரதியில் திகதி முத்திரை வாங்குங்கள். 'பார்ப்போம்' என்றால் அன்றைக்கே உபவேந்தருக்கு ஒரு கடிதம். பெற்றோரே, "பட்டம் முடியட்டும், பிறகு பார்க்கலாம்" என்று தயவுசெய்து சொல்லாதீர்கள்.

அந்த இருவரிடமும் இருந்த ஒரே எழுத்து, சிரேஷ்ட பொருளாளர் அனுப்பிய வாட்ஸ்அப் செய்தி. போன் மாற்றியபோது அதுவும் போய்விட்டதாம். இந்த முறை கடிதமாகக் கொடுங்கள் என்று அனுப்பிவைத்தேன்.