‘ஒப்பா’ என்றால் அண்ணனா?

மேட்டுப்பாளையத்திலிருந்து குன்னூர் ஏறும் பஸ். பக்கத்து சீட்டுக் கல்லூரிப் பெண் செல்போனில், தமிழ் பேசும் கொரியத் தொடர் ஒன்றைப் பார்த்துக்கொண்டு வந்தாள். மழை, இரண்டு பேருக்கும் ஒரே குடை. நாயகி தலைகுனிந்து சொல்கிறாள்: “உங்கள எனக்குப் பிடிச்சிருக்கு அண்ணா.” பர்லியாறு தாண்டியதும் இந்தப் பெண் கண்டக்டரைக் கூப்பிட்டாள்: “அண்ணா, மீதி சில்லறை?” இரண்டு இடத்திலும் ஒரே சொல். எத்தனையாவது தடவையோ, எனக்குப் பொறுக்கவில்லை.

அந்த வசனத்தில் ‘அண்ணா’வுக்குக் கொரிய மூலச்சொல் ‘ஒப்பா’. பெண் தன்னைவிட மூத்த ஆணை அழைப்பது. கூடப்பிறந்தவன், நெருங்கிய நண்பன், காதலன் எல்லாரும் அதில் அடக்கம். சரித்திரத் தொடர்களில் வரும் ‘ஒராபொனி’ இதன் மரியாதை வடிவம். 2021இல் ஆக்ஸ்போர்டு ஆங்கில அகராதி ‘ஒப்பா’வை அப்படியே சேர்த்துக்கொண்டது.

தமிழில் ‘அண்ணா’ வயதை மட்டும் சொல்வதில்லை, முறையையும் சொல்கிறது. பெரியப்பா மகன் அண்ணன், மாமன் மகன் அத்தான். பிடிக்காதவன் வந்து காதலைச் சொன்னால் “உங்கள அண்ணனாத்தான் நினைக்கிறேன்” என்று முடித்துவிடுகிறார்கள் நம் பெண்கள். தொடரிலோ, அதுவரை ‘ஸன்பே’ என்று சீனியராகவே விளித்தவள் முதல்முறை ‘ஒப்பா’ என்னும்போதுதான் காதல் வெளிப்படுகிறது. அந்த நொடியில் ‘அண்ணா’வைப் போட்டால் காட்சியே செத்துப்போகிறது.

‘அத்தான்’ போடலாம் என்கிறார்கள். நல்ல தமிழ்தான். ஆனால் அது மாமன் மகனையும் அத்தை மகனையும் கூடவே இழுத்து வருகிறது. கொரியாவில் ரத்த உறவில் எட்டாம் படிவரை கல்யாணத்தைச் சட்டமே தடுக்கிறது. முறைப்பையன் என்ற பேச்சுக்கே அங்கே இடமில்லை.

தனித்தமிழில் எனக்குப் பற்று உண்டு. அதனால்தான் சொல்கிறேன்: கூடப்பிறந்தவனுக்கு ‘அண்ணா’, காதலனுக்கு ‘ஒப்பா’ என்றே விடுங்கள். தமிழே வேண்டுமென்றால் பெயர்ச்சொல்லைத் தேடாதீர்கள். “ஏங்க”, “இங்க பாருங்களேன்” போதும், அந்த ‘ங்க’விலேயே எல்லாம் வந்துவிடும். யார் யாரிடம் பேசுகிறார் என்று காட்சியைப் பார்க்காமல், வரியை மட்டும் பார்த்து மொழிபெயர்ப்பதால் வருகிற வினை இது.

ஆண் தன்னைவிட மூத்த பெண்ணை அழைக்கும் ‘நூனா’வை ‘அக்கா’ ஆக்குவதும் இப்படித்தான். இளையவன் மூத்தவளைக் காதலிக்கும் தொடர் ஒன்றை அம்மாவோடு பார்த்தேன். வரிக்கு வரி “அக்கா, அக்கா”. இரண்டாம் பகுதியிலேயே அம்மா எழுந்துவிட்டார்: “கூடப் பொறந்தவளையாடா கட்டிக்கப் போறான்?”