மைண்ட்ஃபுல்னெஸ்: மனநிறைவு என்று எழுதுவதை நிறுத்துங்கள்

எதைத் திறந்தாலும் மனநிறைவு. அலுவலக மின்னஞ்சலில் 'மனநிறைவுப் பயிற்சி வகுப்பு', யூடியூபில் 'பத்து நிமிட மனநிறைவுத் தியானம்', நலவாழ்வுப் பக்கங்களில் 'மனநிறைவோடு சாப்பிடுங்கள்'. எல்லாம் மைண்ட்ஃபுல்னெஸ் என்ற சொல்லுக்கு நம்மவர்கள் போட்ட தமிழ். மைண்ட் என்றால் மனம், ஃபுல் என்றால் நிறைவு, ஒட்டியாயிற்று, வேலை முடிந்தது. இந்தக் கணக்கில் கேர்ஃபுல் என்பதைக் 'கவலைநிறைவு' என்றல்லவா எழுத வேண்டும்? அதை மட்டும் ஒழுங்காக 'கவனம்' என்று எழுதத் தெரிகிறது.

மனநிறைவு நல்ல தமிழ்ச் சொல்தான். ஆனால் அதற்கு ஏற்கெனவே ஒரு பொருள் இருக்கிறது: திருப்தி. மகள் கல்யாணம் நல்லபடியாக முடிந்தால் வருவது மனநிறைவு. மூச்சு உள்ளே போவதையும் வெளியே வருவதையும் ஒருவர் உட்கார்ந்து கவனிக்கிறார், நடுவில் வங்கிக் கடன் ஞாபகம் வருகிறது, வந்ததைத் தெரிந்துகொண்டு மறுபடி மூச்சுக்குத் திரும்புகிறார். இதில் நிறைவு எங்கே இருக்கிறது? மனம் எரிச்சலில் இருந்தாலும் அந்த எரிச்சலைத் தெரிந்துகொண்டிருந்தால் போதும், அதுவும் மைண்ட்ஃபுல்னெஸ்தான்.

சரி, சொல் எங்கிருந்து வந்தது என்பதைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். மூலம், பழைய பௌத்த நூல்களின் மொழியான பாலியில் 'ஸதி'. வடமொழியில் 'ஸ்ம்ருதி'. வேர்ப்பொருள் நினைத்தல், நினைவில் வைத்திருத்தல். (கிரந்தம் வேண்டாம் என்று 'சதி' என்று எழுதினால் புத்தர் சதி செய்யச் சொன்னதாக ஆகிவிடும், ஆகவே இந்த ஒரு கட்டுரைக்கு மன்னித்துவிடுங்கள்.) இலங்கையில் ஆங்கிலேய அரசுப் பணியில் நீதிபதியாக இருந்து அங்கேயே பாலி கற்ற டி.டபிள்யூ. ரைஸ் டேவிட்ஸ், 1881இல் வெளியான தன் சுத்தங்களின் (பாலியில் உள்ள புத்தரின் உரைகளின்) மொழிபெயர்ப்பில் இதற்கு மைண்ட்ஃபுல்னெஸ் என்று போட்டார். அது அவர் புதிதாக உண்டாக்கிய சொல் அல்ல. மைண்ட்ஃபுல் என்றால் அந்தக் கால ஆங்கிலத்தில் 'மறக்காமல் நினைவில் வைத்திருக்கிற' என்று பொருள். ஆங்கில பைபிளின் எட்டாம் சங்கீதத்தில் அதே சொல் வருகிறது, நம் தமிழ் வேதாகமம் அந்த இடத்தில் "மனுஷனை நீர் நினைக்கிறதற்கும்" என்கிறது. அவர்கள் எபிரேய மூலத்தைப் பார்த்துச் செய்தார்கள் என்பது வேறு விஷயம். 'மனுஷனைக் குறித்து நீர் மனநிறைவு கொள்வதற்கும்' என்று எழுதவில்லையே, அதற்கே நன்றி சொல்ல வேண்டும்.

ஸதி என்றால் என்ன என்று பௌத்த நூல்களே பளிச்சென்று சொல்கின்றன. சம்யுத்த நிகாயத்தில் ஸதி என்ற ஆற்றலை விளக்கும் இடத்தில், வெகுகாலத்துக்கு முன் செய்ததையும் சொன்னதையும் நினைவுகூர்பவன் என்று வருகிறது. மிலிந்த பஞ்ஹாவில் கிரேக்க அரசன் மிலிந்தன் பௌத்தத் துறவி நாகசேனரிடம் ஸதியின் இலக்கணத்தைக் கேட்கிறான். அவர் சொல்லும் உவமை, அரசனின் பொக்கிஷக்காரன். காலையும் மாலையும் அவன் வந்து, இத்தனை யானை, இத்தனை குதிரை, இத்தனை தேர், இவ்வளவு பொன் உங்களுடையது, மறந்துவிடாதீர்கள் என்று நினைவூட்டுவான். ஸதியும் அப்படித்தான், எது நல்லது எது கெட்டது, எதைப் பழக வேண்டும் எதை விட வேண்டும் என்று மனத்துக்கு நினைவூட்டிக்கொண்டே இருக்கும். அரசனுக்கு ஆகாத ஆட்களை விலக்கி ஆகிறவர்களைச் சேர்க்கும் அமைச்சன் என்று இன்னொரு உவமையும் அங்கேயே உண்டு. ஆக, ஸதியில் தரம் பிரிக்கிற வேலையும் சேர்ந்திருக்கிறது.

இது மருத்துவமனைக்குப் போனதும் மாறியது. 1979இல் ஜான் கபாட்-ஜின் மாசசூசெட்ஸ் பல்கலைக்கழக மருத்துவப் பள்ளியில், மற்ற சிகிச்சைகளால் குணம் தெரியாத வலிக்காரர்களுக்காக ஒரு பயிற்சியைத் தொடங்கினார். இன்று வழக்கத்தில் அது எட்டு வாரம். முதல் வகுப்பில் ஓர் உலர்திராட்சையைக் கையில் கொடுத்து, இதுவரை பார்த்தே இராத பொருள்போல அதைப் பார், முகர், காதருகில் உருட்டு, நாக்கில் வை, அவசரப்பட்டுக் கடிக்காதே என்பார்கள். கபாட்-ஜின் மூலக்கூறு உயிரியலில் முனைவர் பட்டம் வாங்கியவர், கொரிய ஜென் குருவிடம் பயின்றவர். நோயாளிகளும் மருத்துவர்களும் மிரண்டுவிடக் கூடாது என்று பௌத்தச் சொற்களை வேண்டுமென்றே ஒதுக்கினார். அவர் தந்த வரையறை: வேண்டுமென்றே, இந்தக் கணத்தில், நல்லது கெட்டது என்று தீர்ப்புச் சொல்லாமல் கவனிப்பது. பொக்கிஷக்காரன் இருக்கிறான், அமைச்சனை வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள்.

இதை உளவியலாளர்கள் செய்த மோசடி என்று சொல்ல மாட்டேன். ஸதியைப் பழகும் முறையைச் சொல்லும் ஸதிபட்டான சுத்தத்திலேயே, ஆசையுள்ள மனத்தை ஆசையுள்ள மனம் என்று அறிகிறான், வெறுப்புள்ள மனத்தை வெறுப்புள்ள மனம் என்று அறிகிறான் என்று எந்தத் தீர்ப்பும் இல்லாமல்தான் வருகிறது. ஜெர்மனியில் பிறந்து கண்டியில் துறவியாக வாழ்ந்த ஞானபோனிக தேரர் இந்தப் பக்கத்தைத்தான் 'வெறுங்கவனம்' என்ற பொருளில் எடுத்துப் பேசினார், மேற்கே அதுவே வேரூன்றியது. பலனும் இல்லாமல் இல்லை. டீஸ்டேல், சீகல், வில்லியம்ஸ் என்ற உளவியலாளர்களின் குழு மனச்சோர்வு திரும்பத் திரும்ப வருபவர்களுக்கு இதை அறிவாற்றல் சிகிச்சையோடு சேர்த்துப் பார்த்து, 2000இல் முடிவை வெளியிட்டது. மூன்று முறையோ அதற்கு மேலோ மனச்சோர்வு வந்தவர்களில், வழக்கமான சிகிச்சை மட்டும் பெற்றவர்களில் 66 சதவீதம் பேருக்கு அது திரும்பியது, இந்தப் பயிற்சி பெற்றவர்களில் 37 சதவீதம். 2004இல் பிரிட்டனின் மருத்துவ வழிகாட்டுநெறி அமைப்பும் பரிந்துரைத்தது. ஆனால் எல்லாருக்கும் எதற்கும் மருந்து என்று விற்றால் எடுபடாது. பிரிட்டன் பள்ளிகளில் 8,000க்கும் மேற்பட்ட பிள்ளைகளிடம் நடத்திய பெரிய ஆய்வு 2022இல் வந்தபோது, வழக்கமான பாடத்தைவிட இது மேல் என்று காட்ட முடியவில்லை.

இப்போது யோசியுங்கள், மனச்சோர்விலிருந்து மீண்டு, மறுபடி விழுந்துவிடுவோமோ என்ற பயத்தோடு வரும் ஒருவர் கையில் 'மனநிறைவுசார் சிகிச்சை' என்று தாளைக் கொடுத்தால் அவருக்கு என்ன கேட்கும்? 'இருக்கிறதை வைத்துச் சந்தோஷமாக இருக்கப் பழகு.' சொந்தக்காரர்கள் இதைத்தானே பல வருஷமாகச் சொல்லி அவரை இன்னும் நோகடித்தார்கள்? அலுவலகத்தில் இது இன்னும் வசதி. இரண்டு பேர் வேலையை ஒருவர் தலையில் கட்டிவிட்டு, வெள்ளிக்கிழமை மதியம் மனநிறைவு வகுப்பு என்று அழைப்பு அனுப்பலாம். எனக்கும் வந்தது, அந்த வாரம் முழுக்க இரவு ஒன்பதுக்கு முன் வீட்டுக்குப் போகவில்லை.

அடுத்த போட்டியாளர் 'விழிப்புணர்வு'. இதற்கு ஆதரவாளர்கள் அதிகம், படித்தவர்களும் கூட, அதனால் கொஞ்சம் நேரம் எடுத்தே மறுக்க வேண்டியிருக்கிறது. முதல் சிக்கல், இந்தச் சொல் முழுக்கப் பேரணிக்குப் போய்விட்டது. டெங்கு விழிப்புணர்வு, வாக்காளர் விழிப்புணர்வு, ஹெல்மெட் விழிப்புணர்வு என்று பள்ளிப் பிள்ளைகள் பதாகை பிடித்து வெயிலில் நடப்பதுதான் கண்முன் வருகிறது. அங்கே அதன் பொருள் 'தகவல் தெரிந்திருப்பது'. இரண்டாவது சிக்கல் பெரியது. பௌத்தத்தில் விழிப்புக்கென்று தனி இடம் இருக்கிறது, புத்தர் என்ற பெயரே விழித்தவர் என்ற பொருள்தான், அதைக் கொண்டுபோய் புத்தர் சொன்ன எட்டு நெறிகளில் ஒன்றான ஸதிக்குக் கொடுத்தால் போதிக்கு, அதாவது அந்த ஞான விழிப்புக்கு, என்ன மிச்சம்? மூன்றாவது, சுத்தங்களில் ஸதியோடு இன்னொரு சொல் ஜோடியாகவே வரும், ஸம்பஜஞ்ஞ. தெளிந்து அறிதல் என்று பொருள். நடக்கும்போது, குனியும்போது, உண்ணும்போது தான் செய்வதைத் தெளிவாக அறிந்து செய்வது. ஆங்கிலத்தில் இரண்டையும் ஒரே மூட்டையாகக் கட்டிவிட்டார்கள், நாம் அந்த மூட்டையைப் பிரித்தும் பார்க்காமல் மேலே 'விழிப்புணர்வு' என்று எழுதி ஒட்டுகிறோம். விழிப்புணர்வுக்கு ஏதாவது வேலை கொடுத்தே தீர வேண்டும் என்றால் ஸம்பஜஞ்ஞத்துக்குப் பக்கத்தில் போய் நிற்கட்டும்.

எந்திர மொழிபெயர்ப்பில் 'நினைவாற்றல் தியானம்' என்று வருவதையும் பார்த்திருப்பீர்கள். வல்லாரை லேகிய விளம்பரம்போல இருக்கிறது. ஆனாலும் வேடிக்கை என்னவென்றால், இருக்கிற தப்புகளில் மூலத்துக்குக் கிட்டே வந்தது இதுதான், நினைவு என்ற வேரையாவது தொட்டுவிட்டது.

எனக்கு ஆற்றாமை எங்கே என்றால், இந்தச் சொற்களையெல்லாம் தமிழில் முன்பே ஆக்கி வைத்துவிட்டார்கள். மணிமேகலையைப் புரட்டினால் பௌத்தத்தின் பன்னிரு சார்பும், அதாவது துன்பம் ஒன்றிலிருந்து ஒன்றாக எப்படி உண்டாகிறது என்று காட்டும் பன்னிரண்டு கண்ணிகளும், வரிசையாகத் தமிழில் நிற்கும்: பேதைமை, செய்கை, உணர்வு, அருவுரு, வாயில், ஊறு, நுகர்வு, வேட்கை, பற்று, பவம், தோற்றம், வினைப்பயன். ஸ்பர்சத்துக்கு ஊறு, வேதனை என்ற வடசொல்லுக்கு (இங்கே வலி அல்ல, இன்ப துன்பங்களை உணர்தல்) நுகர்வு. என்ன துல்லியம்! சோழநாட்டுப் பூதமங்கலத்தில் இருந்து புத்ததத்தர் என்ற பௌத்தத் துறவி பாலியில் நூல் எழுதிய மண் இது. எண்வகை நெறியைத் தமிழில் சொல்லும்போது நற்காட்சி, நல்லூற்றம், நல்வாய்மை என்று தொடங்கி ஏழாவதாக நற்கடைப்பிடி என்று வரும். அதுதான் ஸம்மா ஸதி, சரியான ஸதி. இங்கே பலர், 'கடைப்பிடி என்றால் விதிமுறையைக் கடைப்பிடிப்பது அல்லவா, இது ஏதோ பொருந்தாத மொழிபெயர்ப்பு' என்று தாண்டிப் போகிறார்கள். பழைய அகப்பொருள் இலக்கணமான இறையனார் களவியலின் உரையைப் பார்க்க வேண்டும். தலைவனுக்குரிய குணங்கள் அறிவு, நிறை, ஓர்ப்பு, கடைப்பிடி என்று சொல்லி, கடைப்பிடி என்பது கொண்டபொருள் மறவாமை என்கிறது. கொண்டபொருள் மறவாமை! நாகசேனரின் பொக்கிஷக்காரன் செய்வது வேறென்ன? காதல் இலக்கணத்தில் இருந்த சொல்லைப் பொருள் தெரிந்து எடுத்திருக்கிறார்கள். குறளின் பொச்சாவாமையைச் சிலர் பரிந்துரைப்பதுண்டு, பரிமேலழகரும் அதற்கு மறவாமை என்றே சொல்கிறார், ஆனால் அது பௌத்த நூலான தம்மபதத்தின் அப்பமாதத்துக்கு, அதாவது அசட்டையின்மைக்கு, நெருக்கமானது. அங்கேயே இருக்கட்டும்.

பௌத்தம் பேசும்போது கடைப்பிடி என்றே எழுதுங்கள், ஓர் அடிக்குறிப்பு போட்டால் போதும். சிகிச்சை அறைக்கு அது சரிவராது, ஒப்புக்கொள்கிறேன், 'கடைப்பிடிப் பயிற்சி' என்றால் ஏதோ ஒழுங்கு நடவடிக்கை என்று நினைப்பார்கள். அங்கே நான் போடுவது 'நினைவோடிருத்தல்'. தமிழில் நினைவு என்பதற்கு ஞாபகம், தன்னறிவு இரண்டும் பொருள். நினைவு தப்பியது, நினைவு திரும்பியது என்று மருத்துவமனையில் தினமும் சொல்கிறோம், 'எந்த நெனப்புல வண்டி ஓட்டுற?' என்று தெருவில் திட்டுகிறோம். சிங்களத்தில் ஸதிக்கு வழங்கும் 'சிஹிய' என்ற சொல்லும் இதே இரட்டைப் பொருள் கொண்டது. நினைவோடு சாப்பிடுங்கள், நினைவோடு மூச்சைப் பாருங்கள் என்றால் விளக்கவுரை வேண்டியதில்லை. நீளமாக இருக்கிறது, பெயர்ச்சொல்லாக நறுக்கென்று நிற்கவில்லை என்பார்கள். மொழிபெயர்ப்பாளர்களுக்கு எப்போதும் ஒரு சொல்லுக்கு ஒரு சொல் வேண்டும், அதுவும் 'ஆற்றல்', 'உணர்வு', 'நிறைவு' என்று முடிந்தால்தான் கலைச்சொல் என்று நம்பிக்கை வரும்.

இதுவும் பிடிக்கவில்லையா, மைண்ட்ஃபுல்னெஸ் என்றே தமிழ் எழுத்தில் எழுதிவிட்டுப் போங்கள். எனக்கு ஆட்சேபம் இல்லை. படிப்பவர் தெரியாத சொல் என்று யாரிடமாவது கேட்பார். மனநிறைவு என்று எழுதினால் தெரிந்த சொல் என்று நினைத்துக் கேட்காமலே போய்விடுவார்.