குற்ற நேரத்து மனநிலையும் பழைய மருந்துச் சீட்டும்

மனநல மருத்துவராக நான் சாட்சியம் அளிக்கச் செல்லும் நாட்களில், நீதிமன்ற வாசலில் காத்திருக்கும் உறவினர்கள் பெரும்பாலும் ஒன்றையே கேட்கிறார்கள்: "பத்து வருஷமா மாத்திரை சாப்பிடுறான்னு எழுதிக் கொடுத்தா விட்டுடுவாங்கதானே, டாக்டர்?"

அது மட்டும் போதாது. 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய நியாய சன்ஹிதாவின் 22-ஆம் பிரிவு, அதாவது இந்திய தண்டனைச் சட்டத்தின் பழைய 84-ஆம் பிரிவு, நோயின் பெயரைக் கேட்பதில்லை. செயலைச் செய்த அந்த நேரத்தில், சித்த சுவாதீனம் இல்லாததால், தாம் செய்வது இன்னதென்றோ, அது தவறு அல்லது சட்டத்துக்கு முரணானது என்றோ அறிய இயலாதவராக ஒருவர் இருந்தாரா என்பதையே கேட்கிறது; இருந்திருந்தால் அந்தச் செயல் குற்றமாகாது என்று விலக்கு அளிக்கிறது. 1843-இல் இங்கிலாந்துப் பிரதமர் ராபர்ட் பீலின் செயலாளரைச் சுட்டுக்கொன்ற டேனியல் மக்நாட்டன் வழக்கை அடுத்துப் பிறந்த விதியின் வழிவந்தது இது.

பக்கத்து வீட்டுக்காரர் தமக்கு விஷம் வைப்பதாக நம்பும் மனச்சிதைவு நோயாளி, அவரை வெட்டிவிட்டு அரிவாளைக் கிணற்றில் போட்டு ஓடினால், தவறென்று அறிந்தே செய்தார் என்பதற்கு அந்த ஓட்டமே சான்றாக வாசிக்கப்படலாம். பயத்தில் ஓடுவதற்குத் தெளிந்த அறிவு தேவையில்லை என்பது என் கருத்து. ஆனால் சட்டத்தின் அளவுகோல் என் கையில் இல்லை.

இந்த விலக்கை நிறுவும் பொறுப்பு குற்றம் சாட்டப்பட்டவருடையது. ஆயினும் ஐயத்துக்கு இடமின்றி நிறுவ வேண்டியதில்லை, அப்படி இருந்திருக்கவே வாய்ப்பு அதிகம் என்று காட்டினால் போதும் என உச்ச நீதிமன்றம் 1964-இலேயே தெளிவுபடுத்திவிட்டது. நாங்களோ அவரைச் சம்பவம் நடந்து பல வாரங்களுக்குப் பிறகே பார்க்கிறோம். அதற்குள் சிறையில் மருந்து கொடுத்துத் தெளிந்திருப்பார். அதனால் முந்தைய மருந்துச் சீட்டும் சம்பவத்துக்கு முன்னும் பின்னும் அவரைக் கண்டவர்களின் சாட்சியமுமே வழக்கைத் தாங்குகின்றன. தங்கையின் கல்யாணப் பேச்சு தொடங்கியதும் அந்தச் சீட்டுகளைக் கிழித்துப்போட்ட குடும்பங்களை நான் அறிவேன். மனநோய் தீரும் என்று நம்பிக் குணசீலம் கோயிலுக்கும் ஏர்வாடி தர்காவுக்கும் அழைத்துச் சென்றதோடு நின்றவர்களிடம் கிழிக்கவும் ஏதும் இருப்பதில்லை.

விசாரணையைப் புரிந்துகொண்டு எதிர்வாதம் செய்யும் நிலையில் அவர் இப்போது இருக்கிறாரா என்பது வேறு கேள்வி. இல்லையென்றால் விசாரணை தள்ளிவைக்கப்படும், வழக்கு முடிந்துவிடாது.

விடுதலையே கிடைத்தாலும் அவர் நேரே வீட்டுக்கு வந்துவிடுவதில்லை. செயலைச் செய்தவர் அவரே என்று தீர்ப்பு பதிவு செய்தால், பாதுகாப்பான காவலிலோ, பொறுப்பேற்கும் உறவினரிடமோ அவரை ஒப்படைக்க நீதிமன்றம் உத்தரவிடும். நோய் தணிந்து, வெளியே விடலாம் என்று நாங்கள் எழுதிக் கொடுத்த பிறகும், கையெழுத்திட்டு அழைத்துச் செல்ல யாரும் வராமல் வார்டிலேயே தங்கிவிட்டவர்கள் உண்டு.