கழுவாமல் கொண்டு வாருங்கள்

தந்தையின் பண்ணைவீட்டைக் காலி செய்துகொண்டிருந்த ஒரு பெண்மணி, அங்கே கிடைத்த மாட்டுக்கொம்பு ஒன்றை எங்கள் அருங்காட்சியகத்துக்குக் கொண்டுவந்தார். பிரான்சின் கிராமங்களில் புல் அறுப்பவர்கள் இடுப்பு வாரில் மாட்டிக்கொண்ட கொம்பு அது. உள்ளே கொஞ்சம் தண்ணீர் ஊற்றி, சாணைக்கல்லைச் செருகி வைத்திருப்பார்கள். நீண்ட பிடியுள்ள புல்லரிவாள் மழுங்கும்போதெல்லாம் நின்ற இடத்திலேயே தீட்டிக்கொள்ளலாம்.

கொடுப்பதைச் சுத்தமாகக் கொடுக்க வேண்டும் என்ற நல்ல எண்ணம் அவருக்கு. கொம்பை ஓர் இரவு முழுக்கச் சோப்புத் தண்ணீரில் ஊறவைத்து, பிரஷ் போட்டுத் தேய்த்து, மேலே வார்னிஷும் அடித்திருந்தார். உள்ளே ஏதாவது இருந்ததா என்று கேட்டேன். "காய்ந்த புல் அடைத்துக்கொண்டிருந்தது. கம்பியை விட்டு எடுத்துப் போட்டுவிட்டேன்" என்றார்.

எனக்கு வயிற்றைப் பிசைந்தது. கல் ஆடாமலும் தண்ணீர் தளும்பாமலும் இருக்க ஒரு பிடி புல்லைப் பிடுங்கிச் செருகுவது அவர்கள் வழக்கம். அந்தச் சுருணை இருந்திருந்தால் அவர் தந்தை அறுத்தது மேட்டு நிலமா, ஈரப் புல்வெளியா என்று ஒரு தாவரவியலாளர் சொல்லியிருக்கக்கூடும். சாணைக்கல் தேய்ந்து அடியில் படிந்திருந்த மண்டியும் போய்விட்டது. மிச்சம் பளபளக்கும் ஒரு கொம்பு. அதைப் போல எங்களிடம் ஏற்கெனவே மூன்று இருக்கின்றன.

பழம்பொருள்களைப் பழுதுபார்த்துப் பாதுகாப்பது என் தொழில். ஓவியத்தின் மேல் படிந்த புகைக்கரியை எடுப்பதற்குத் தயங்க மாட்டேன். ஏர்ப்பிடியில் ஏறிய எண்ணெய்ப் பிசுக்கில் கை வைக்கமாட்டேன். அது உழுதவனின் உள்ளங்கை.

தெற்குப் பிரான்சின் ஆர்ல் நகரத்துப் பெண்களின் மரபுடையை எடுத்துக்கொள்ளுங்கள். மார்பின் குறுக்கே மடித்து வரும் துணியைப் பொத்தானால் மூட்டுவதில்லை. ஒவ்வொரு முறையும் மடிப்பு மடிப்பாகக் குண்டூசி குத்தித்தான் நிறுத்துவார்கள். பழைய துணியை வெளிச்சத்துக்கு எதிரே பிடித்தால் ஊசித்துளைகளும் துருப்புள்ளிகளும் தெரியும். எத்தனை மடிப்பு, எந்த இடத்தில், எவ்வளவு இறுக்கம் என்பதற்கு அவைதான் சாட்சி. துவைத்து இஸ்திரி போட்டுக் கொண்டுவந்தால் சாட்சியில் பாதி கலைந்துவிடும்.

இந்த உடையையும் அந்த வட்டாரத்து வாழ்க்கையையும் காப்பாற்றுவதற்கென்றே ஆர்லில் 'மூசியோன் ஆர்லாத்தென்' என்ற அருங்காட்சியகத்தைத் தொடங்கியவர், அந்த வட்டார மொழியான ப்ரோவான்சாலில் எழுதிய கவிஞர் ஃபிரெடெரிக் மிஸ்த்ரால். அவருக்குத் துணை நின்ற மருத்துவர் எமில் மரிஞ்யான், எந்தெந்தப் பொருள்களை எப்படிச் சேகரிப்பது என்று 1896-இல் ஒரு வழிகாட்டியே எழுதினார். 1899-இல் கதவு திறந்தது. 1904-இல் கிடைத்த நோபல் பரிசுப் பணத்தையும் மிஸ்த்ரால் இதிலேயே போட்டார். 1909-இல் அருங்காட்சியகம் பெரிய மாளிகைக்கு மாறியது. நீண்ட சீரமைப்புக்குப் பிறகு 2021-இல் மீண்டும் திறந்திருக்கிறார்கள்.

அங்கே பிள்ளை பெற்றவளைப் பார்க்கப் பெண்கள் வரும் காட்சி ஒன்று ஆளுயரப் பொம்மைகளால் அமைந்திருக்கிறது. அவர்கள் கொண்டுவருவது ரொட்டி, உப்பு, முட்டை, ஒரு தீக்குச்சி. பிள்ளை ரொட்டியைப் போல் நல்லதாக, உப்பைப் போல் புத்தியுள்ளதாக, முட்டையைப் போல் நிறைவாக, குச்சியைப் போல் நேராக இருக்க வேண்டுமாம். வாழ்த்துத் தெரியாதவர் கண்ணுக்கு அது வெறும் தீக்குச்சி. அதனால்தான் எனக்கு அங்கே பிடித்தவை மிஸ்த்ரால் தன் கைப்பட ப்ரோவான்சாலில் எழுதிவைத்த விளக்கச் சீட்டுகள். இன்று அவையே சேகரிப்பின் பகுதி.

ஆகவே வீட்டில் பழைய கருவி கிடைத்தால் முதலில் பேனாவை எடுங்கள். யார் பயன்படுத்தியது, எந்த ஊர், வீட்டில் அதை என்ன பெயர் சொன்னார்கள் என்று ஒரு தாளில் எழுதுங்கள். கிடந்த இடத்திலேயே ஒரு படம் எடுங்கள். மரச்சாமானில் சிறு துளைகளும், அடியில் மாவு போலப் புதுத்தூளும் இருந்தால் உள்ளே பூச்சி உயிரோடு இருக்கக்கூடும். பூச்சிமருந்து அடித்துவிடாதீர்கள், அந்த நஞ்சு மரத்திலேயே தங்கி, பின்னால் தொடுகிறவர்கள் கையில் ஒட்டும். பிளாஸ்டிக் பையில் காற்றுப் புகாமல் கட்டி, பூச்சி இருப்பதைச் சொல்லிக் கொடுங்கள். பொருளுக்கு ஏற்ப, ஆழ்குளிரில் உறையவைத்தோ, ஆக்சிஜன் இல்லாத உறையில் சில வாரம் அடைத்தோ கொன்றுவிடுவோம்.

வேண்டாம் என்று நாங்கள் சொன்னால் கோபித்துக்கொள்ளாதீர்கள். அரசு தரும் 'பிரான்சின் அருங்காட்சியகம்' என்ற தகுதி பெற்ற இடத்தில் ஒரு பொருள் பதிவேறிவிட்டால், 2002-ஆம் ஆண்டுச் சட்டப்படி அதை விற்க முடியாது. குறைந்தது பத்தாண்டுக்கு ஒருமுறை ஒவ்வொன்றையும் பதிவேட்டோடு சரிபார்த்தாக வேண்டும். ஏழாவது வெண்ணெய் கடையும் குடத்தை யார் தலையில் கட்டுவது?

அந்தக் கொம்பையும் திருப்பி அனுப்பத்தான் இருந்தேன். பொதுப் பிரெஞ்சில் அதற்குக் 'கோஃபேன்' என்று பெயர். ஆனால் வட்டாரத்துக்கு வட்டாரம் பெயர் மாறும். உங்கள் அப்பா என்ன சொல்வார் என்று வழக்கம்போல் கேட்டேன். அந்தப் பெண்மணி கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு, எங்கள் பதிவேட்டில் இல்லாத ஒரு சொல்லைச் சொன்னார். எழுத்துக்கூட்டத் தெரியவில்லை, அவர் உச்சரித்தபடியே எழுதி, குரலையும் பதிவு செய்துகொண்டேன். கொம்பு நாலாவதாக உள்ளே வந்தது. 'உட்புறம் கழுவப்பட்டது, வார்னிஷ் புதிது' என்று அட்டையில் குறித்திருக்கிறேன். வார்னிஷை எடுக்கவில்லை. சுரண்டினால் கொம்பின் மேற்பரப்பும் கூடவே வந்துவிடும்.